காலகேயரின் மொழி

வானத்தில் ஊர் அமைத்து வாழ்ந்த மாந்தரைப் பற்றிய கதைகள் நம் நாட்டில் மிகப் பழைமையானவை. விஞ்சையர், கந்தருவர், அவுணர் என்று அவர்களுக்குப் பெயர்கள் பல. சோழ மன்னன் ஒருவன் வானில் தொங்கிய கோட்டையாகிய 'தூங்கெயிலை' எறிந்தான் என்று புறநானூறும் சிலப்பதிகாரமும் மணிமேகலையும் குறிப்பிடுகின்றன. அக்கோட்டையை அழித்தவனின் தோள்வலிமையைப் புலவர்கள் மறவாமல் பாடினர். ஆனால் அக்கோட்டைக்குள் வாழ்ந்தவர்கள் தமக்குள் எம்மொழியில் உரையாடினர் என்பதை ஒருவரும் சொல்லவில்லை. வானவர்க்கும் அவுணர்க்கும் புலவர் தம் மொழியையே இரவலாகக் கொடுப்பது காவிய மரபு. தமிழ்க் காப்பியத்தில் அவுணன் தமிழ் பேசுவான். வடமொழிக் காப்பியத்தில் அவனே வடமொழி பேசுவான்.

இம்மரபுக்கு மாறாக, வானூர் மாந்தர் கூட்டம் ஒன்றுக்குத் தனிமொழி ஒன்று நம் காலத்தில் படைக்கப்பட்டது. படைத்தவர் தமிழர். அம்மொழியைப் பற்றியும், அது எனக்குள் எழுப்பிய சில எண்ணங்களைப் பற்றியும் இம்மலரில் எழுத விழைகிறேன். ஊரைவிட்டு வந்து, பிறமொழி நடுவில் பிள்ளைகளை வளர்க்கும் நம்மனோர்க்கு இச்செய்தி பயன்படக்கூடும்.

முதலில் அக்கூட்டத்தார் யார் என்பதைப் பார்ப்போம். மகாபாரதத்தின் வனபருவத்தில் ஒரு நிகழ்ச்சி வருகிறது. நிவாதகவசரை வென்று மீளும் அருச்சுனன், தேர்ப்பாகன் மாதலியோடு வான்வழியே வருகையில், ஒளிவீசும் நகரம் ஒன்று தன் விருப்பப்படி வானில் உலவுவதைக் காண்கிறான். அதன் பெயர் இரணியபுரம். புலோமை, காலகை என்னும் இரு பெண்கள் கடுந்தவம் செய்து, தம் மக்கள் துன்பமின்றி வாழ வேண்டும் என்று பிரமனிடம் பெற்ற நகரம் அது. காலகையின் வழிவந்தோரே காலகேயர். அருச்சுனன் அந்நகரத்தைத் தாக்குகிறான்; அது மேலே எழுகிறது, பக்கவாட்டில் விரைகிறது, நீரில் மூழ்கியும் பார்க்கிறது; இறுதியில் தெய்வப் படைக்கலத்தால் சிதறி வீழ்கிறது. வில்லிபுத்தூராரும் தம் பாரதத்தில் நிவாதகவசர், காலகேயர் வதைக்கென ஒரு சருக்கம் அமைத்திருக்கிறார்.

இந்தப் போரின் முடிவில் வியாசர் காட்டும் காட்சி ஒன்று என் நெஞ்சைவிட்டு அகலாதது. ஆடவர் மாண்டபின், அந்நகரத்துப் பெண்கள் தலைவிரி கோலமாக வெளியே ஓடிவந்து, மகனையும் தந்தையையும் உடன்பிறந்தானையும் எண்ணித் தரையில் வீழ்ந்து அழுகின்றனர். அவர்கள் ஓலத்தைப் பறவையின் கதறலுக்கு ஒப்பிடுகிறார் அவர். அந்த நகரத்தின் வாழ்க்கையிலிருந்து நம் செவிக்கு எட்டுவது அந்த அழுகை ஒன்றே. அழுகைக்கு மொழிபெயர்ப்பு வேண்டுவதில்லை.

காலகேயரைப் பற்றி வனபருவத்தில் இன்னொரு கதையும் உண்டு. காலேயர் எனவும் காலகேயர் எனவும் வழங்கப்படும் அவுணர் கடலுக்குள் ஒளிந்துகொண்டு, இரவில் வெளிப்பட்டு முனிவர்களுக்கு இன்னல் விளைத்தனர். அவர்களை வெளிக்கொணரக் கடல்நீர் முழுவதையும் குடித்தவர் அகத்தியர். தமிழுக்கு முதல் இலக்கணம் செய்தவர் என்று நம் மரபு போற்றும் அதே அகத்தியர்தான். அவர் கடலைக் குடித்துக் காட்டிக்கொடுத்த கூட்டத்தாருக்குத் தமிழ்க் கவிஞர் ஒருவர் இலக்கணம் செய்துகொடுக்கும் காலம் ஒன்று வரும் என்று யார் எண்ணியிருப்பர்!

2015ஆம் ஆண்டு ஜூலை 10ஆம் நாள், எஸ். எஸ். ராஜமௌலி இயக்கிய 'பாகுபலி' திரைப்படத்தின் முதற்பகுதி வெளிவந்தது. தெலுங்கிலும் தமிழிலும் எடுக்கப்பட்ட படம் அது. அதில் மகிழ்மதி நாட்டின்மேல் படையெடுத்து வரும் கூட்டத்தாருக்குக் காலகேயர் என்று பெயர். இதிகாசத்தில் பொன்னகரில் உலவியவர்கள், திரையில் மண்ணுக்கு இறங்கி, சடைமுடியும் புழுதியுமாக, அஞ்சத்தக்க கூட்டமாகத் தோன்றினர். அவர்களுக்கென 'கிளிக்கி' என்னும் மொழியைப் படைத்தவர் பாடலாசிரியர் மதன் கார்க்கி. ஏறத்தாழ 750 சொற்களும் 40 இலக்கண விதிகளும் கொண்டதாக அம்மொழி அமைந்தது. அதன் வேர் இன்னும் பழையது. அவர் ஆஸ்திரேலியாவில் ஆராய்ச்சி மாணவராக இருந்தபோது, தாம் பார்த்துக்கொண்ட சிறுவர்களோடு விளையாட்டாக உருவாக்கிய 'கிளிக்' என்னும் மொழியிலிருந்தே இது வளர்ந்ததாம். போர்க்களத்தில் அச்சமூட்டிய மொழி பிறந்தது குழந்தைகள் விளையாடிய கூடத்தில் என்பது எண்ணி மகிழத்தக்கது.

அம்மொழியில் என்னைக் கவர்ந்தவை இரு சொற்கள். 'நான்' என்பதற்கு 'மின்'; 'நீ' என்பதற்கு 'நிம்'. ஒன்றைத் திருப்பிப் போட்டால் மற்றது. எதிர்ச்சொற்களை இவ்வாறு ஒலியைத் திருப்பி அமைப்பது அம்மொழியின் இயல்புகளுள் ஒன்று. இலக்கண நூலார் தன்மை, முன்னிலை என்று பிரித்துவைத்த இரண்டையும் கிளிக்கி ஒரே நாணயத்தின் இரு பக்கங்களாக வைத்திருக்கிறது. கேட்பவனாகிய 'நிம்' திரும்பிப் பேசும்போது அவனே 'மின்' ஆகிறான். மொழி என்பதன் அடிப்படையே இந்தத் திருப்பத்தில்தான் இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. பேசுபவன் ஒருவன் இருந்தால் ஒலி பிறந்துவிடும். அந்த ஒலி மொழியாவதற்குக் கேட்டு மறுமொழி கூறும் இன்னொருவன் வேண்டும்.

நிற்க. இந்த எண்ணம் நூலறிவால் வந்ததன்று. ஹடப்சர் வாழ்க்கை கற்பித்தது.

நான் அம்பாசமுத்திரத்தை அடுத்த சிற்றூர் ஒன்றில் பிறந்தவன். 1978ஆம் ஆண்டில் பிழைப்பைத் தேடிப் புணே வந்து, சோலாப்பூர் சாலையை ஒட்டிய ஹடப்சரில் ஓர் ஆலையில் பணியேற்றேன். அந்நாளில் தென்னாட்டார் பேச்சை 'யண்டு குண்டு' என்று கேலிசெய்யும் வழக்கம் இப்பக்கத்தில் இருந்தது. நானும் திருச்சி நண்பர் ஒருவரும் உணவு இடைவேளையில் தமிழில் பேசிக்கொண்டால், பக்கத்தில் இருப்பவர்கள் தகரக்குவளையில் கூழாங்கற்களைப் போட்டுக் குலுக்குவதுபோல் கையசைத்துக் காட்டிச் சிரிப்பார்கள். ஈராயிரம் ஆண்டு இலக்கியம் உடைய மொழி அவர்கள் செவியில் கூழாங்கல் ஒலியாகவே விழுந்தது. எங்கள் நிலையும் அதுவே. துக்காராமின் மொழி எங்களுக்குக் கரடுமுரடான இரைச்சலாகக் கேட்டது. ஊரிலிருந்து வந்திருந்த என் தாயார், வாசலில் காய்கறி விற்பவள் சண்டைக்கு வந்திருப்பதாகவே நினைத்து உள்ளே ஓடிவந்துவிட்டார். அவள் கேட்டதெல்லாம் 'காய் பாஹிஜே?', என்ன வேண்டும் என்பது மட்டுமே.

தம் மொழியை அறியாதாரைக் கிரேக்கர் 'பார்பரோஸ்' என்றனர். விளங்காமல் உளறுபவர் என்பது அதன் கருத்து. வடமொழியில் 'மிலேச்சர்' என்னும் சொல்லும் தெளிவற்ற பேச்சையே அடிப்படையாகக் கொண்டது. இவற்றோடு நம் சங்கப் புலவர் ஆண்ட சொல்லை ஒப்பிட்டுப் பாருங்கள். வேங்கடத்துக்கு அப்பாற்பட்ட நிலத்தை அவர்கள் 'மொழிபெயர் தேயம்' என்றனர். மொழி மாறுகின்ற நாடு என்பதே அதன் பொருள். அங்கே இருப்பது உளறல் என்று அவர்கள் சொல்லவில்லை. வேறொரு மொழி என்றார்கள். பொருள் தேடி அந்நாட்டுக்குப் போனவர்கள் தம் காதலர் என்பதாலோ என்னவோ, அச்சொல்லில் அச்சத்தைவிட ஏக்கமே மிகுதி. நாமெல்லோரும் அந்த மொழிபெயர் தேயத்து மக்கள்தாமே!

கூழாங்கல் ஒலி மொழியாக மாறிய நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. எங்கள் முதற்குழந்தை பிறந்து சில நாட்களே ஆகியிருந்தன. நள்ளிரவில் குழந்தை வயிற்றுவலியால் வீறிட்டது. சுவருக்கு அப்பால் குடியிருந்த மராத்தி அம்மையார் எழுந்து வந்து, என் மனைவியிடம் 'ஓவா, ஓவா' என்றார். அவளுக்குப் புரியவில்லை. அவர் தம் வீட்டுக்குப் போய், உள்ளங்கையில் எதையோ கசக்கிக்கொண்டு வந்து மூக்கருகே நீட்டினார். ஓமம்! 'ஓமம்' என்று இவள் சொல்ல, 'ஓமம், ஓமம்' என்று அவர் திருப்பிச் சொல்லிப் பார்த்துக்கொண்டார். அன்றுமுதல் அவ்விரு பெண்களும் ஒருவருக்கொருவர் மொழி கற்பித்தனர். அவர் இவளை 'வஹினி' என்றார். இவள் அவரை 'அக்கா' என்றாள். ஆலையில் எங்களைப் பார்த்துச் சிரித்தவர்களிடம் மொழியை விளக்க எனக்குச் சில ஆண்டுகள் பிடித்தன. சமையலறைச் சுவருக்கு ஓர் இரவே போதுமானதாக இருந்தது.

மணிமேகலையில் சாதுவன் கதையைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த இரவு நினைவுக்கு வரும். மரக்கலம் உடைந்து, நாகர் வாழும் மலையருகே கரையொதுங்கிய சாதுவனை அவர்கள் கொன்று தின்ன வருகிறார்கள். அவன் அவர்கள் மொழியைக் கற்றிருந்தவன், அம்மொழியிலேயே பேசுகிறான். அவ்வளவில் கொல்ல வந்தவர்கள் அவனைத் தம் தலைவனிடம் அழைத்துச் செல்கின்றனர். நீண்ட உரையாடல் நிகழ்கிறது. அவன் பெரும்பொருளோடு ஊர் திரும்புகிறான். அவன் கையில் வாளில்லை, மந்திரமும் இல்லை. நாகர்களுக்குத் தம் மொழியைக் கேட்டு விடைகூறும் ஒருவன் கிடைத்தான், அது போதுமானதாயிற்று. காலகேயருக்கு அத்தகைய சாதுவன் ஒருவன் கிடைத்திருந்தால் இரணியபுரத்தின் கதை எப்படி முடிந்திருக்குமோ!

மேனாட்டாரும் வானூர் கட்டியிருக்கிறார்கள். 1726ஆம் ஆண்டில் ஜோனதன் ஸ்விப்ட் வெளியிட்ட கலிவர் யாத்திரைக் கதையில் லபுடா என்னும் பறக்கும் தீவு வருகிறது. காந்தக்கல்லின் ஆற்றலால் அது வானில் நகரும். அத்தீவினருக்குத் தனிமொழி உண்டு. கலிவர் அதைக் கற்கிறான். ஆனால் அங்குள்ள பெரியோர் எந்நேரமும் கணக்கிலும் இசையிலும் மூழ்கிக் கிடப்பதால், பிறர் பேசுவதைக் கேட்கவும் தாம் பேசவும் மறந்துவிடுகிறார்கள். அதற்கென ஊழியர் இருக்கிறார்கள். கோலின் முனையில் கட்டிய, உலர்ந்த பட்டாணியோ சிறு கற்களோ இட்ட பையால், பேச வேண்டியவர் வாயில் மெல்லத் தட்டுவார்கள். கேட்க வேண்டியவர் வலக்காதில் மெல்லத் தட்டுவார்கள். ஸ்விப்ட் தம் காலத்து அறிஞர்களைக் கேலிசெய்யவே இதை எழுதினார். இன்று நம் வீட்டுக் கூடத்தில், ஆளுக்கொரு கைப்பேசியோடு நால்வர் அமர்ந்திருப்பதைக் காணும்போது, அந்த ஊழியர் ஒருவரை மாதச் சம்பளத்துக்கு அமர்த்தலாமா என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

மொழியைத் திட்டமிட்டுப் படைத்தோர் வரலாறும் இதையே சொல்கிறது. ஜெர்மானியப் பாதிரியார் ஷிலெயர் 1879-80இல் 'வோலாப்யூக்' என்னும் உலகப் பொதுமொழியை உருவாக்கினார். அது விரைவாகப் பரவியது, விரைவாகத் தேய்ந்தது. தம் மொழியில் எதை மாற்றுவதென்றாலும் இறுதிச்சொல் தமதே என்று அவர் நின்றது அதற்குப் பெருங்காரணம். 1887இல் 'எஸ்பெராந்தோ'வை வெளியிட்ட கண்மருத்துவர் சாமன்ஹாப், பல மொழியினர் ஒருவரையொருவர் பகைத்து வாழ்ந்த பியாலிஸ்டாக் நகரத்தில் பிறந்தவர். அவர் தம் மொழியின்மேல் உரிமை கொண்டாடவில்லை. பேசுவோர் கையிலேயே அதை விட்டுவிட்டார். வெவ்வேறு நாட்டு ஆணும் பெண்ணும் அம்மொழி வாயிலாகச் சந்தித்து, மணந்து, பிள்ளைகளோடும் அதில் பேசினர். அதனால் அது இன்றும் உயிரோடிருக்கிறது.

1984இல் வெளிவந்த 'ஸ்டார் ட்ரெக்' படம் ஒன்றுக்காக, விண்வெளி மாந்தராகிய கிளிங்கான்களுக்கு மார்க் ஒக்ராண்ட் என்னும் மொழியியலார் முழுமையான மொழி ஒன்றை அமைத்தார். மறு ஆண்டில் அகராதியும் வெளியிட்டார். செயப்படுபொருள் முதலில், வினை நடுவில், எழுவாய் இறுதியில் என்று உலகில் அரிதான சொல்முறையை வேண்டுமென்றே அதற்குக் கொடுத்தார். அம்மொழியில் தேர்ந்த அமெரிக்கத் தந்தை ஒருவர், 1990களில் தமக்குப் பிறந்த மகனிடம் முதல் மூன்றாண்டுகள் கிளிங்கான் மொழியில் மட்டுமே பேசிப் பார்த்தார். தாய் ஆங்கிலத்தில் பேசினாள். குழந்தை அம்மொழியைப் புரிந்துகொண்டான். சில சொற்களைப் பேசவும் செய்தான். ஆனால் போர்மறவருக்கென அமைந்த மொழியில் அன்றாட வீட்டுப் பொருள்கள் பலவற்றுக்குச் சொல் இல்லை. தந்தை ஒருவரைத் தவிர அம்மொழியில் பேச அவனுக்கு வேறு ஒருவரும் இல்லை. வளர வளர அவன் ஆங்கிலத்துக்குத் திரும்பிவிட்டான். தந்தையும் வற்புறுத்தாமல் விட்டுவிட்டார்.

இதற்கு நேர்மாறான நிகழ்ச்சி ஒன்று நிக்கராகுவா நாட்டில் நடந்தது. 1970களின் இறுதியிலும் 1980களிலும், காதுகேளாத குழந்தைகளுக்கென மனாகுவா நகரத்தில் பள்ளிகள் திறக்கப்பட்டன. அதுவரை தனித்தனி வீடுகளில், தமக்கெனச் சில சைகைகளோடு வாழ்ந்த பிள்ளைகள் முதன்முறையாக ஒன்றுகூடினர். ஆசிரியர் கற்பிக்க முயன்றது ஸ்பானிய மொழியை. பிள்ளைகளோ விளையாடும் இடத்திலும் பேருந்திலும் தமக்குள் சைகைமொழி ஒன்றை வளர்த்துக்கொண்டனர். பின்னர் வந்த சிறுவர்கள் அதற்குச் செறிந்த இலக்கணத்தையும் உண்டாக்கினர். எந்தப் புலவரும் அதைப் படைக்கவில்லை. எந்த அகராதியும் அதற்கு முன்னதாக அச்சாகவில்லை. ஒருவரையொருவர் நோக்கும் கண்கள் நிறைய இருந்தன, மொழி பிறந்துவிட்டது. கிளிங்கானுக்கு அகராதி இருந்தும் கிட்டாதது இந்தப் பிள்ளைகளுக்கு அகராதி இல்லாமலே கிட்டியது.

இந்த மராட்டிய மண்ணிலேயே இதற்கொரு பழங்கதை உண்டு. இன்று பைடண் எனப்படும் பிரதிட்டானத்தில் சாதவாகன மன்னன் அரசாண்டான். நீர் விளையாட்டின்போது, 'என்மேல் நீர் தெளிக்காதே' என்று அரசி வடமொழியில் சொன்னதை, 'மோதகங்களால் அடி' என்று பிழையாக உணர்ந்து அவன் மோதகம் கொண்டுவரச் செய்தான். அரசி நகைத்தாள். நாணிய மன்னன் வடமொழி கற்க விரும்பினான். ஆறு ஆண்டுகளில் கற்பிப்பேன் என்றார் குணாட்டியர். ஆறே திங்களில் கற்பிப்பேன் என்றார் மற்றொரு புலவர். அவ்வாறு நடந்தால் வடமொழி, பிராகிருதம், நாட்டுமொழி மூன்றையும் துறப்பேன் என்று சூளுரைத்த குணாட்டியர் தோற்றார். மொழியற்றவராகி விந்தியக் காட்டுக்குப் போனார். அங்கே பேய்களின் மொழியாகிய பைசாசத்தைக் கற்று, வானுலவும் விஞ்சையரின் கதையை ஏழு இலட்சம் பாடல்களாகத் தம் குருதியால் எழுதினார். பேய்மொழியில் அமைந்ததென்று மன்னன் அதைப் புறக்கணித்தான். குணாட்டியர் தீ மூட்டி, ஒவ்வோர் ஏடாக விலங்குகளுக்கும் பறவைகளுக்கும் படித்துக்காட்டி எரித்தார். அவை மேய்ச்சலை மறந்து கண்ணீரோடு கேட்டு நின்றன. மன்னன் உண்மையறிந்து ஓடிவந்தபோது எஞ்சியது ஓர் இலட்சம் பாடல்களே.

மனிதர் கேட்க மறுத்ததால் ஆறு பங்கு எரிந்த நூல் அது. எஞ்சியதன் மூலமும் பின்னர் மறைந்தது. ஆயினும் அதைக் கேட்டவர் சிலர் இருந்தமையால் கதை பிழைத்தது. காஷ்மீரத்தில் சோமதேவர் வடமொழியில் சொன்னார். தமிழில் கொங்குவேளிர் பெருங்கதையாகப் பாடினார். முதலும் முடிவும் சிதைந்து கிடைத்த அந்நூலை 1924இல் உ. வே. சாமிநாதையர் பதிப்பித்து நமக்களித்தார். பைசாசம் இன்று எங்கும் இல்லை. அதில் சொன்ன கதை மட்டும் நம் தமிழில் இருக்கிறது.

இனி, என் வீட்டுச் செய்தி ஒன்று. 'பாகுபலி'யின் இரண்டாம் பகுதி 2017இல் வந்தபோது என் பேத்திக்கு வயது எட்டு. எங்கள் குடியிருப்பில் மராத்தி, தெலுங்கு, தமிழ், கன்னடம் பேசும் வீட்டுப் பிள்ளைகள் ஒன்றாக விளையாடுவார்கள். மர வாளும் அட்டைக் கேடயமுமாகக் காலகேயர் ஒரு பக்கம், மகிழ்மதியார் ஒரு பக்கம். கிளைடர்கள் நெடுங்காலம் மிதந்த ஹடப்சர் வானத்தின் கீழ், 'மின்', 'நிம்' என்ற கூச்சல் ஓங்கி ஒலிக்கும். ஒருநாள் மாலை அவள் என்னிடம் வந்து, "தாத்தா, காலகேயங்க அவங்க வீட்டுல ஆச்சியை என்னன்னு கூப்பிடுவாங்க?" என்றாள். படத்தில் அதற்கு விடை இல்லை. அங்கே அவர்கள் பகைவர் முன்னிலையிலும் போர்க்களத்திலும் மட்டுமே பேசுகிறார்கள். அவர்களுக்கு வீடு காட்டப்படவில்லை. நான் சும்மா இருக்க, அடுக்களையிலிருந்து என் மனைவி சொன்னாள்: "அவங்க ஆச்சியும் ஆச்சிதான். கைகால் கழுவிட்டு வா."

எங்கள் அடுக்குமாடி வீட்டில் பலகணி உண்டு. என் மனைவி அதைத் 'தார்சா' என்றே சொல்வாள். பாத்திரம் துலக்கும் இடம் அவளுக்கு 'அங்கணம்'. கூடம் 'பட்டாசல்'. நெல்லைச் சீமை வீட்டின் உறுப்புகளையெல்லாம் ஐந்தாம் மாடியில் எழுநூறு சதுர அடிக்குள் அவள் பெயரிட்டு வைத்திருந்தாள். பேத்தி அவளிடம் மட்டுமே தமிழில் பேசுவாள். ஏனெனில் அவளிடம் வேறெந்த மொழியும் செல்லாது. மராத்தி அறிந்திருந்தும், பேத்தியிடம் அதை அறியாதவள்போலவே இருந்துகொண்டாள். மூன்றாண்டுகளுக்கு முன் அவள் மறைந்தாள். அதன்பின் எங்கள் வீட்டில் தமிழ் குறைந்த விதத்தை நான் கண்கூடாகக் கண்டேன். பேத்தி எதையும் மறக்கவில்லை. தமிழ் எழுதுவாள், குறள்கள் சில ஒப்பிப்பாள். ஆனால் 'தார்சா' என்று சொன்னால் 'ம்' என்று கேட்க ஒருவர் வீட்டில் இல்லாமற்போனார். அச்சொற்கள் மெல்ல மெல்ல ஓய்ந்தன. தந்தையும் தாயும் அலுவலிலிருந்து களைத்து வருகிறார்கள். அந்த நேரத்தில் எளிதாக வருவது எதுவோ அதையே பேசுகிறார்கள். அவர்கள்மேல் குறைகாண எனக்கு மனம் வரவில்லை.

1977இல் அமெரிக்கர் விண்ணில் செலுத்திய இரு வாயேஜர் கலங்களில் பொன்முலாம் பூசிய இசைத்தட்டு ஒன்று உண்டு. வானில் யாரேனும் இருப்பின் அவர்கள் கேட்பதற்காக 55 மொழிகளில் வாழ்த்துரை அதில் பதிந்திருக்கிறது. கார்னெல் பல்கலைக்கழக வட்டாரத்தில் கிடைத்த பேச்சாளரைக் கொண்டு பெரும்பாலும் பதியப்பட்ட அத்தட்டில், மராத்தி உண்டு, தெலுங்கும் கன்னடமும் சிங்களமும் உண்டு, தமிழ் இல்லை. இதை எண்ணி வருந்தும் தமிழன்பர்கள் பலர். எனக்கும் வருத்தமே. ஆயினும் வாயேஜர் ஒன்று இப்போது 2,400 கோடி கிலோமீட்டருக்கும் அப்பால் சென்றுகொண்டிருக்கிறது. அதில் ஒலிக்கும் மராத்தியைக் கேட்டவர் அங்கே எவரும் இல்லை. அதே மராத்தியை ஹடப்சர் காய்கறிச் சந்தையில் நாள்தோறும் ஆயிரவர் கேட்கிறார்கள். அம்மொழியைக் காப்பது அந்தச் சந்தையே.

மராத்தியருக்கு இதை எடுத்துக்காட்டியவர் ஞானேசுவரர். வானோர் மொழி எனப்பட்ட வடமொழியில் இருந்த கீதையை 1290இல் அவர் மக்கள் மொழியில் விரித்துரைத்தார். ஒவ்வோர் ஆண்டும் ஆஷாட ஏகாதசிக்கு முன்னர், ஆளந்தியிலிருந்து ஞானேசுவரர் பல்லக்கும், தேஹுவிலிருந்து துக்காராம் பல்லக்கும் பண்டரிபுரம் நோக்கிச் செல்கின்றன. புணேயைக் கடந்து வரும் அவ்விரண்டும் எங்கள் ஹடப்சரில்தான் பிரிகின்றன. ஒன்று சாஸ்வட் வழியாகவும், மற்றது லோணி காள்போர் வழியாகவும் போகும். சாலையோரம் நின்று நான் நாற்பது ஆண்டுகளுக்கு மேலாகப் பார்த்து வருகிறேன். ஒருவர் ஓர் அடி பாடினால் பின்வரும் கூட்டம் மறு அடியை எடுத்துக்கொள்கிறது. எழுதப் படிக்க அறியாத உழவர் பலரும் அதில் உண்டு. முன்னவர் பாடியதைக் கேட்டுப் பின்னவர் பாடுவதால் ஏழு நூற்றாண்டுச் சொல் வழிதவறாமல் நடந்துகொண்டிருக்கிறது.

நம் சங்கத்தார் ஞாயிறுதோறும் தமிழ் வகுப்பு நடத்துகின்றனர். எழுத்தும் இலக்கணமும் கற்பிக்கின்றனர். அது போற்றத்தக்க தொண்டு. கிளிக்கிக்குக்கூட 2020ஆம் ஆண்டு பிப்ரவரி 21ஆம் நாள், உலகத் தாய்மொழி நாளன்று, எழுத்துகளோடு கற்பிக்கும் இணையதளம் தொடங்கப்பட்டது. எழுத்தும் இலக்கணமும் சொற்பட்டியலும் காலகேயருக்கே கிடைத்துவிட்டன. தமிழுக்கு அவற்றில் எக்குறையும் இல்லை. அயலூரில் வளரும் நம் பிள்ளைகளுக்குக் குறைவது, அவர்கள் தமிழில் தட்டுத்தடுமாறிச் சொல்வதை இடைமறிக்காமல் கேட்கும் செவி. பிழையைத் திருத்த ஆசிரியர் இருக்கிறார். பிழையோடு வரும் செய்தியைக் கேட்டு, 'அப்புறம்?' என்று கேட்க வீட்டில் ஒருவர் வேண்டும். பணி ஓய்வு பெற்று வீட்டில் இருக்கும் என்போன்ற முதியவர்களுக்கு இதைவிட ஏற்ற வேலை வேறில்லை.

ஓராண்டாக நான் அந்த வேலையை ஏற்றிருக்கிறேன். மாலையில் பேத்தி கல்லூரியிலிருந்து வந்ததும், இருவருமாகத் தார்சாவில் அமர்ந்து தேநீர் அருந்துகிறோம். அவள் பேருந்தில் நடந்த சண்டையைச் சொல்வாள். தோழியின் காதலைச் சொல்வாள். பாதி இந்தி, பாதி ஆங்கிலம், இடையிடையே தமிழ். நான் தமிழில் கேள்வி கேட்பேன். நாளாக ஆகத் தமிழின் பங்கு சிறிது கூடியிருக்கிறது. சென்ற வாரம் அவள் தன் தாயிடம், "அங்கணத்துல டம்ளரைப் போட்டுட்டேன்மா" என்று சொன்னது என் காதில் விழுந்தது. மருமகள் விழுப்புரத்துக்காரி. "அங்கணமா? அப்படின்னா?" என்றாள். பேத்தி அவளுக்கு விளக்கிக்கொண்டிருந்தாள்.